துரை வசனம்

நிழல் விழும் பக்கத்து இருக்கையை எனக்கு விட்டுக்கொடுத்தீர்கள், ஐயா, நன்றி. ஆயினும் ஒன்றைத் தெளிவுபடுத்தாமல் அமர்வது முறையாகாது. நான் வெளிநாட்டவன் அல்லன். "பாவம், வெள்ளைக்காரரு, நம்மூரு வெயிலு தாங்காதுங்க" என்று தாங்கள் நடத்துநரிடம் தாழ்ந்த குரலில் கூறியது என் செவியில் விழுந்தது. அவர் ஏன் சிரித்தார் என்று தாங்கள் திகைத்தீர்கள். அவர் என்னை அறிவார். இத்தடத்தில் ஓடும் பேருந்துகளில் என்னை அறியாத நடத்துநர் ஒருவரும் இலர்.

என் பெயர் ஆ. சற்குணம். பிறந்தது கரூரில். தந்தையார் கரிய நிறம், தாயார் மாநிறம். நான் மட்டும் இந்தச் செம்பட்டை முடியோடும் இந்தப் பூனைக் கண்களோடும் வந்து சேர்ந்தேன். குழந்தை மாறிப்போயிற்றோ என்று மருத்துவச்சி வீட்டை ஒருமுறை சுற்றிவந்து தேடினாராம். அத்தோற்றமே பின்னாளில் எனக்குத் தொழிலாயிற்று. முப்பத்தோர் ஆண்டுகள் நாடக மேடையில் துரையாக நடித்தேன். கலெக்டர் ஒன்பது, கவர்னர் நான்கு, மேஜர் மூன்று, பாதிரியார் ஒருவர். அந்தப் பாதிரியார் ஒருவரே நல்லவர். அவரும் இரண்டாம் காட்சியில் இறந்துவிடுவார். திரைப்படங்கள் ஆறு. ஐந்தில் நின்றேன். ஒன்றில் குதிரையிலிருந்து விழுந்தேன். விழுவதாகக் கதையில் இல்லை. ஆயினும் இயக்குநர் அதை நீக்கவில்லை.

ஆனால் என்னை நடிகர் என்று மட்டும் சொல்பவர் பாதி சொன்னவர் ஆவார். நான் எழுத்தாளன். அதை நிலைநாட்ட நான் பட்ட பாட்டைத்தான் தங்களிடம் சொல்லப்போகிறேன். ஈரோடு சேர இன்னும் ஒன்றரை மணி நேரம் இருக்கிறது. தாங்களும் எங்கும் போக இயலாது.

பள்ளியில் நான் பயின்றது ஐந்தாம் வகுப்பு வரை. எஞ்சியதை நகராட்சி நூலகத்தில் நானே பயின்றேன். தலையங்கங்களை நோட்டுப் புத்தகத்தில் படியெடுப்பேன். 'ஆகவே' எங்கே வர வேண்டும், 'எனினும்' எங்கே வர வேண்டும், 'இஃது இவ்வாறிருக்க' என்று எப்போது மூச்சு வாங்க வேண்டும் என்பதெல்லாம் எனக்கு யாரும் சொல்லித் தந்தவை அல்ல. நூலகர் ஒருமுறை, "ஏனுங்க சற்குணம், நீங்க பேசறதைக் கேட்டா பேப்பரை மடிச்சுக் காதுல சொருகின மாதிரி இருக்குதுங்க" என்றார். அப்பாராட்டை நான் மறக்கவில்லை.

பகலில் எனக்குக் கதர்க் கடையில் விற்பனையாளர் பணி. ஆம், கதர்க் கடைதான். சிரியுங்கள், எல்லாரும் சிரித்ததுதான். சிறை சென்ற தியாகி ஒருவர் மாதந்தோறும் வேட்டி வாங்க வருவார். நாடகம் பார்த்த மாதத்திலிருந்து என் கையால் எதையும் வாங்க மறுத்துவிட்டார். "மேசை மேல வெச்சுட்டு அக்கட்டால தள்ளி நில்லு. கருமலையானைத் தூக்குல போட்டவன்தானே நீ?" என்பார். நான் வைத்துவிட்டுத் தள்ளி நிற்பேன். அவர் வேட்டியை உதறிப் பார்த்துவிட்டு, "லண்டன் துணியில்லையே?" என்று என்னையே கேட்பார்.

கருமலையான் என்பவன் எங்கள் நாடகத்தின் நாயகன். நாடகத்தின் பெயர் 'கருமலைப் பாளையம்'. கற்பனைப் பாளையக்காரர், கற்பனைக் கோட்டை. மன்றத்தின் பெயர் ஆன்பொருநை நாடக மன்றம். அதன் உரிமையாளர், இயக்குநர், கதாநாயகர், வசனகர்த்தா எல்லாம் மாசிலாமணி அவர்கள். வாடகை சைக்கிள் கடை வைத்திருந்தார். நல்ல குரல், நல்ல மீசை, அதுவும் சொந்த மீசை. குறை ஒன்றே: தமிழை அவர் சைக்கிளைப் போலவே நடத்தினார். எங்கே காற்று இறங்கினாலும் அங்கேயே நின்று அடித்துக்கொண்டு கிளம்பிவிடுவார்.

அந்நாடகத்தில் நான் ஹாப்கின்ஸ் துரை. ஆறாம் காட்சியில் பாளையக்காரரிடம் வரி கேட்டு வருவேன். மாசிலாமணி எனக்கு எழுதித் தந்த வசனம் இதுதான், சொல்லவே நாக் கூசுகிறது: "ஏ கருமலை! நீ வரி குடுக்கறான்? குடுக்கலே, நாம் உன்னே தூக்குல போடறான்!" அதற்கு அவர் வாளை உருவி, "அடே பரங்கி! முதலில் எங்கள் தமிழை ஒழுங்காகப் பேசக் கற்றுக்கொள்! பிறகு வந்து வரி கேள்!" என்பார். கொட்டகை அதிரும். சீழ்க்கை பறக்கும். நாடகத்தின் உயிரே அந்த ஒரு வரி என்று அவர் சொல்லிக்கொள்வார்.

நான்கு ஆண்டுகள் பொறுத்தேன், ஐயா. நகராட்சி நூலகத்துத் தமிழ் நூல்களில் பாதியைப் படித்து முடித்த ஒருவன், ஊர் ஊராகச் சென்று, ஆயிரம் பேர் முன்னிலையில், "நாம் உன்னே போடறான்" என்று கூறிக்கொண்டிருந்தான். கடலைக் கடந்து ஒரு நாட்டை ஆள வந்தவன் இப்படியா பேசுவான்? அவனுக்கென்று ஒரு தகுதி இல்லையா? மனைவி மரகதத்திடம் முறையிட்டேன். "அவிய உன்னைய வெள்ளையா இருக்கன்னுதான் கூப்படறாங்க, வாத்தியாரா இருக்கன்னு இல்ல" என்றாள். மரகதத்துக்கு இலக்கிய நாட்டம் குறைவு.

ஆகவே நானே எழுதினேன். நாற்பத்திரண்டு வரி. மூன்று மாதம் ஆயிற்று. கதர்க் கடையில் துணி சுற்றும் பழுப்புத் தாளில் எழுதுவேன். எழுதிய தாளை வேட்டியோடு சேர்த்துக் கட்டி யாருக்கோ கொடுத்துவிட்டதும் உண்டு. அதில் ஒரு பகுதியைத் தங்களுக்குச் சொல்கிறேன், அருள்கூர்ந்து குறுக்கிடாதீர்கள்.

"கருமலைக் காவலரே! ஆயிரமாயிரம் கல் தொலைவிலிருந்து, உப்புக் காற்றில் உதடு வெடித்து, பெயரறியாக் கரையில் வந்து இறங்கியவன் தங்கள் முன் நிற்கிறேன். எனக்கும் ஒரு தாய் உண்டு. அவள் எழுதும் மடலில் கேட்பது ஒன்றே: மகனே, அங்குள்ளவர்கள் உனக்குச் சோறிடுகிறார்களா? சோறிடுகிறார்கள், தாயே. ஆயினும் ஒருவரும் என்னோடு அமர்ந்து உண்பதில்லை என்று எழுத என் கை எழவில்லை. வரியைக் கேட்க வந்தேன் என்கிறீர். ஆம், வாளேந்தி நிற்கும் தங்களிடம் வேறு எதைக் கேட்டு நான் உள்ளே வர இயலும்?"

எப்படி இருக்கிறது? தாங்கள் ஒன்றும் சொல்லவில்லை. பரவாயில்லை; முதன்முறை கேட்பவர்கள் பேச்சிழப்பது இயல்பு.

முதன்முதலில் இதை அரவக்குறிச்சியில் பேசினேன். மாசிலாமணிக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் விடமாட்டார். நான் முழங்கி முடித்ததும் அவர் திகைத்து நின்றார், பிறகு பழக்கத்தின் காரணமாக வாளை உருவி, "அடே பரங்கி! முதலில் எங்கள் தமிழை ஒழுங்காகப் பேசக் கற்றுக்கொள்!" என்று கர்ஜித்தார்.

முன்வரிசையில் ஒருவர் எழுந்து, "யோவ், அவரு ஒழுங்காத்தான்யா பேசறாரு! நீ பேசு பாக்கலாம்!" என்றார்.

கொட்டகை சிரித்தது, ஐயா. அன்று முதன்முறையாக அந்த வரிக்குச் சீழ்க்கை இல்லை, சிரிப்பு. ஒப்பனை அறைக்குள் வந்ததும் மாசிலாமணி என் மேலங்கியைப் பிடித்தார்.

"என்னய்யா பண்ணிப்போட்டே? நீ வில்லன்யா! உங்கம்மா கடுதாசி எழுதுனா எனக்கென்ன, எழுதாட்டி எனக்கென்ன?"

"பாத்திரத்துக்கு ஆழம் வேண்டாமா?" என்றேன்.

"ஆழம் கெணத்துக்குத்தான்யா வேணும்! நான் கடைசில தூக்குல தொங்கறேன், சனம் உன்னைய நெனச்சு மூக்கைச் சிந்துது. பழைய வசனத்தைப் பேசு. இல்லீனா வீட்டுக்குப் போ."

வீட்டுக்குப் போனேன். பத்து நாளில் அவரே வந்தார். எனக்குப் பதிலாக ஒருவருக்குப் பவுடர் பூசித் துரையாக்கிப் பார்த்திருக்கிறார்கள். இரண்டாம் காட்சியிலேயே வியர்த்து, கழுத்தில் கோடு கோடாக இந்தியா தெரிந்துவிட்டதாம். என்னைத் தவிர வேறு வெள்ளையன் நம் வட்டாரத்தில் இல்லை என்பதை மாசிலாமணி அன்று உணர்ந்தார். நானும் உணர்ந்தேன். ஆகவே ஒரு நிபந்தனை விதித்தேன்: "நோட்டீசில் வசனம் என்ற இடத்தில் என் பெயரும் வர வேண்டும்."

அந்த நோட்டீசைத் தாங்கள் பார்த்ததில்லை. இளஞ்சிவப்புத் தாள். அதில் திரைச்சீலை கொடுத்தவர் பெயர் இருக்கும். ஒலிபெருக்கி கொடுத்தவர் பெயர் இருக்கும். டோப்பா முடி கொடுத்தவருக்குப் படமே இருக்கும். நாற்பத்திரண்டு வரி எழுதியவன் பெயர் மட்டும் இராது. அச்சில் 'வசனம்: ஆ. சற்குணம்' என்று ஒரு முறை பார்த்துவிட வேண்டும். அதற்கு மேல் எனக்கு வாழ்க்கையில் வேண்டியது ஒன்றுமில்லை. அன்றும் இல்லை, இன்றும் இல்லை.

"பேரெல்லாம் அப்பறம் பாக்கலாம். நீ மொதல்ல வந்து நில்லு. வேணும்னா அந்தக் கடுதாசியில பாதி மட்டும் பேசிக்கோ" என்றார் மாசிலாமணி. நான் போய் நின்றேன், முழுவதையும் பேசினேன். ஊர் ஊராகப் பேசினேன். அவர் எதிரே கைகட்டி, பற்களைக் கடித்து, என் வாயையே பார்த்தபடி நிற்பார். அவ்வளவு கோபம்.

அப்போதுதான் குளித்தலை நிகழ்ந்தது.

எங்கள் பக்கத்து நாடகங்களில் ஒரு வழக்கம் உண்டு. ஒரு நடிகரின் நடிப்புப் பிடித்துவிட்டால், நாடகம் நடந்துகொண்டிருக்கும்போதே ஊர்ப் பெரியவர்கள் மேடையேறிப் பொன்னாடை போர்த்துவார்கள். நாடகம் அப்படியே நிற்கும். அழுதுகொண்டிருக்கும் கதாநாயகி கண்ணைத் துடைத்துவிட்டுக் காத்திருப்பாள். போர்த்தியவர் பெயரை ஒலிபெருக்கியில் சொல்வார்கள். பிறகு அவள் விட்ட இடத்திலிருந்து அழுவாள். இந்தப் பொன்னாடை எப்போதும் கதாநாயகருக்கே. எந்த ஊரிலும் எவரும் துரைக்குப் போர்த்தியதில்லை. போர்த்தினால் அது தேசத் துரோகம் அன்றோ?

குளித்தலையில் எங்களை அழைத்தவர்கள் வருவாய்த்துறை ஊழியர்கள். அவர்கள் சங்கத்தின் ஆண்டு விழா. முன்வரிசையில் தாசில்தார், அவருக்குப் பின்னால் வருவாய் ஆய்வாளர்கள், கிராமக் கணக்கர்கள். வாழ்நாள் முழுதும் வீடு வீடாகப் போய் வரி கேட்டு வசவு வாங்கியவர்கள், ஐயா! ஒரு வீட்டிலும் உட்காரச் சொல்லப்படாமல் நின்றவர்கள்! "வேறு எதைக் கேட்டு நான் உள்ளே வர இயலும்?" என்று நான் கேட்டதுதான் தாமதம், மூன்றாம் வரிசையில் ஒருவர் விம்மி அழுதார். பின்வரிசையில் ஒருவர், "அப்படிச் சொல்லுங்க துரை! போன வாரம் என் மேல நாயை அவுத்து விட்டாங்க!" என்று கூவினார். தாசில்தார் பொன்னாடையோடு மேடையேறினார். வாளை ஓங்கிய நிலையில் நின்ற மாசிலாமணி, தமக்கென்று எண்ணி, வாளை இடக்கைக்கு மாற்றிக்கொண்டு கழுத்தை நீட்டினார். தாசில்தார் அவரைச் சுற்றிக்கொண்டு வந்து எனக்குப் போர்த்தினார்.

அதன்பின் மாசிலாமணி வரி கட்ட மறுத்து ஒன்பது நிமிடம் பேசினார். ஒரு கை தட்டவில்லை. தூக்குமேடைக் காட்சியில், "கட்டியிருந்தா இந்தக் கதி வருமா?" என்று யாரோ சொன்னது எனக்கும் கேட்டது, அவருக்கும் கேட்டது.

மறுநாள் சைக்கிள் கடைக்கு அழைத்தார். கோபமாக இருப்பார் என்று எண்ணிப் போனேன். பஞ்சர் ஒட்டிக்கொண்டே மிக அமைதியாகப் பேசினார்.

"சற்குணம், உனக்கு நோட்டீசுல பேரு வேணும். அவ்ளோதானே?"

"அவ்வளவே."

"போட்டுர்லாம். 'துரை வசனம்: ஆ. சற்குணம்.' தனி வரி. கொட்டை எழுத்து. ஆனா ஒண்ணு. துரைக்குத் தமிழ் தெரியாது."

"என்ன?"

"கப்பல்ல இப்பத்தான் வந்திருக்கான். எப்படித் தெரியும்? கூட ஒரு துபாஷி வருவான், ரெண்டு பாஷை தெரிஞ்சவன். நீ காதுல சொல்லு, அவன் சனத்துக்குச் சொல்லட்டும். உன் வசனந்தான். ஒரு எழுத்து மாத்தலை."

சிந்தித்தேன், ஐயா. நீண்ட நேரம் இல்லை. சக்கரத்தில் அவர் காற்று அடித்து முடிக்கும் வரை சிந்தித்தேன். எழுத்தாளனுக்கு வாய் எதற்கு? எழுதியது எவர் வாயில் வந்தால் என்ன? ஒப்புக்கொண்டேன். நோட்டீஸ் வந்தது. மரகதத்திடம் காட்டினேன். உற்றுப் பார்த்தாள். "பேரு வந்துருச்சு. வாயி போயிருச்சு" என்றாள். அவள் பொறாமை கொண்டதாக அன்று கருதினேன்.

துபாஷியாகச் சேர்ந்தவன் நாகப்பன். தறிப்பட்டறைக்காரன், நல்லவன், நினைவாற்றல் மட்டும் கிடையாது. நான் அவன் காதருகே குனிந்து, நாற்பத்திரண்டு வரியையும் தாழ்ந்த குரலில் சொல்வேன். பார்ப்பவர்களுக்கு நான் ஆங்கிலத்தில் ஓதுவது போல் இருக்கும். அவன் கேட்டுத் தலையசைத்து, மக்கள் பக்கம் திரும்பி, "வரி கட்டோணுமாம்" என்பான்.

சிரிப்பு அலை அலையாக வரும். நான் பதறி மறுபடியும் முதலிலிருந்து சொல்வேன். தாய், மடல், சோறு, எல்லாம். அவன், "மறுக்காவும் அதையேதான் சொல்றாரு" என்பான். மேடையே ஆடும், ஐயா. மக்கள் வசனத்தின் சுவையை எப்படியோ உணர்ந்துவிட்டார்கள் என்று சில நாள் ஆறுதல் கொண்டேன். ஆனால் நாகப்பன் முகத்தைப் பார்த்துச் சிரிக்கிறார்கள் என்று மரகதம் திட்டவட்டமாகக் கூறிவிட்டாள். ஏழு மாதம் இது நடந்தது. நோட்டீசில் என் பெயர். மேடையில் என் சொல் ஒன்றுகூட இல்லை. எழுதாதவனுக்குப் பெயர் வந்தால் அவன் திருடன். எழுதியவனுக்குப் பெயர் மட்டும் வந்தால் அவனை என்னென்பது?

நடத்துநரே, சில்லறை அப்புறம் வாங்கிக்கொள்கிறேன், பேசிக்கொண்டிருக்கிறேன் அல்லவா?

எங்கே நிறுத்தினேன்? தாராபுரம். பள்ளி மைதானத்தில், மாலை ஆறரை மணிக் காட்சி. இரண்டாம் காட்சியில் நாகப்பனும் நானும் வந்து போனோம். துரைக்குத் தமிழ் ஒரு சொல்லும் தெரியாது என்பதை அவன் மக்களுக்குத் தெளிவாகச் சொல்லியாயிற்று. ஐந்தாம் காட்சி நடக்கும்போது அவன் மைத்துனன் சைக்கிளில் வந்து இறங்கினான். நாகப்பன் மனைவிக்குப் பிரசவ வலி. அவன் யாரிடமும் சொல்லவில்லை. துபாஷித் தலைப்பாகையோடும் ஒட்டு மீசையோடும் பின்னிருக்கையில் ஏறிப் போய்விட்டான். பிள்ளை பிறந்து முதலில் பார்த்த முகம் அதுதான் என்று பிறகு சொன்னார்கள்.

எனக்கு இதெல்லாம் தெரியாது. ஆறாம் காட்சிக்குத் திரை விலகியது. நடந்தேன். காதில் சொல்லத் திரும்பினேன். காது இல்லை.

எதிரே மாசிலாமணி, வாளோடு. கீழே மைதானம் நிறைய மக்கள். இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றோம். அவர் உதடு அசையாமல், "தமிழ்லயே பேசீரு, சற்குணம். பேசித் தொலை" என்று முணுமுணுத்தார்.

ஐயா, ஏழு மாதம் நான் வேண்டியது அதுதானே? வாயைத் திறந்தால் போதும். நாற்பத்திரண்டு வரியும் தொண்டையில் வந்து நின்றன. ஆனால் திறக்கவில்லை. அரை மணிக்கு முன் தமிழறியாதவனாக இருந்த துரை இப்போது செந்தமிழில் முழங்கினால், எழுதியவனை மக்கள் என்ன நினைப்பார்கள்? நோட்டீசில் இருப்பது என் பெயர். நடிகன் பேசத் துடித்தான், எழுத்தாளன் விடவில்லை.

ஆகவே ஆங்கிலத்தில் பேசினேன்.

எனக்கு ஆங்கிலம் தெரியாது. தெரிந்ததெல்லாம் கதர்க் கடையில் அச்சிட்டு ஒட்டியிருந்தவை. மார்பை நிமிர்த்திக் கையை நீட்டிக் கர்ஜித்தேன்: "கேஷ் மெமோ! காந்தி ஜெயந்தி ஸ்பெஷல் ரிபேட்! சண்டே ஹாலிடே! கூட்ஸ் ஒன்ஸ் சோல்ட்... கெனாட் பீ டேக்கன் பேக்!"

மைதானம் நடுங்கியது. ஒரு குழந்தை வீரிட்டது.

மாசிலாமணி வாளைத் தாழ்த்தினார். மக்கள் பக்கம் திரும்பினார். "இவன் என்ன சொல்கிறான் என்று நினைக்கிறீர்கள்? பரங்கியின் பாஷை இந்தக் கருமலையானுக்கும் தெரியும்!" என்றார். அதற்கே கைதட்டல் விழுந்தது. தட்டி ஓயும் வரை காத்திருந்தார். பிறகு தொடங்கினார்.

"ஆயிரமாயிரம் கல் தொலைவிலிருந்து, உப்புக் காற்றில் உதடு வெடித்து, பெயரறியாக் கரையில் வந்து இறங்கியவன் நான் என்கிறான்..."

முழுவதும், ஐயா. தாய், மடல், சோறு. 'என்னோடு அமர்ந்து உண்பதில்லை' என்ற இடத்தில் நான் எப்போதும் விரைந்துவிடுவேன். அவர் அங்கே நின்றார். நின்று, என்னைப் பார்த்தார். ஆறு ஆண்டு ஒரே வண்டியில் போனோம், ஒரே அறையில் அரிதாரம் பூசினோம்; ஊராருக்கு முன் துரையோடு சாப்பிட்டால் நாயகனின் மதிப்புக் குறையும் என்று அவர் எப்போதும் தனிப் பந்தியில் உண்டவர். நின்று என்னைப் பார்த்தார். பிறகு அடுத்த வரிக்குப் போனார். எதிரே கைகட்டிப் பல்லைக் கடித்து நின்றதையெல்லாம் நான் கோபம் என்றல்லவா கருதியிருந்தேன்? மனப்பாடம் செய்துகொண்டிருந்திருக்கிறார். நான் எழுதியதை நான் அன்றுதான் கேட்டேன். என் கண்ணில் நீர் வந்து ஒப்பனை வழிந்தது. மக்கள் அதைத் துரையின் மனமாற்றம் என்று எடுத்துக்கொண்டு, அதற்கும் தட்டினார்கள்.

நாடகம் முடிந்ததும் ஒப்பனை அறையில் ஆளுக்கொரு மூலையில் அரிதாரம் கலைத்தோம். சாப்பாடு வந்தது. அவர் தம் இலையை எடுத்து வந்து என் இலைக்கு அருகில் போட்டார். "ரசம் ஊத்திக்கோ, ஆறிப்போகுது" என்றார். நான், "வசனத்தைச் செம்மையாகச் சொன்னீர்கள்" என்றேன். "நீளம்யா அது. ரொம்ப நீளம்" என்றார். அவ்வளவுதான்.

கதை இங்கே முடிந்திருந்தால் நான் தங்களிடம் இவ்வளவு பேசியிருக்க மாட்டேன். என் குறை இனிமேல்தான்.

மாசிலாமணிக்கு அந்தக் காட்சி பிடித்துப்போயிற்று. இரு பக்கத்துக் கைதட்டலும் ஒருவருக்கே விழுந்தால் யாருக்குத்தான் பிடிக்காது? துபாஷியை நீக்கினார். இனி எல்லா ஊரிலும் நான் ஆங்கிலம் போல் எதையாவது முணுமுணுக்க வேண்டும்; அவர் என் வசனத்தைத் தமிழில் முழங்குவார். உடன்பட்டேன். புதிய நோட்டீஸ் வந்தது. பிரித்தேன். கொட்டை எழுத்தில் இருந்தது:

'துரை வசனம்: ஆ. சற்குணம். தமிழாக்கம்: மாசிலாமணி.'

தாங்கள் சிரிப்பதை அடக்க வேண்டியதில்லை. நேராகச் சைக்கிள் கடைக்குப் போனேன்.

"தமிழாக்கமா? எதிலிருந்து எதற்கு ஆக்கம்?"

"மேடையில அப்படித்தானேய்யா நடக்குது? நீ இங்கிலீசுல சொல்றே, நான் தமிழ்ல சொல்றேன்."

"நான் எழுதியதே தமிழில்!"

"அது உனக்குத் தெரியும், எனக்குத் தெரியும். உன் மூஞ்சியப் பாத்துட்டு, இவன் தமிழ்ல எழுதுனான்னா எவன் நம்புவான்? சும்மா இரு. இங்கிலீசுல எழுதறவன்னா சனத்துக்கு மரியாதை சாஸ்தி."

பதினோர் ஆண்டுகள் அந்த நோட்டீஸ் அப்படியே அடிக்கப்பட்டது. மாசிலாமணி மறைந்த பிறகு நாடகமும் நின்றது. எந்த ஊரிலும் என்னை யாரும் தமிழ் எழுத்தாளன் என்று சொன்னதில்லை.

ஒரே ஒரு கடிதம் வந்தது. என் எழுத்தைப் பற்றி இன்றுவரை வந்திருக்கும் கடிதம் அது ஒன்றே. மூலனூர்ப் பக்கத்திலிருந்து ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் எழுதியிருந்தார். எனக்கு மனப்பாடம், சொல்கிறேன். "மதிப்பிற்குரிய ஐயா, தங்கள் நாடகத்தை மும்முறை கண்டேன். துரை தம் தாயின் மடலைப் பற்றிக் கூறும் பகுதியில் என் மனைவியும் நானும் கண்ணீர் விட்டோம். எங்கள் மகன் கடல் கடந்து பணியில் இருக்கிறான். தாங்கள் மெல்லிய குரலில் பேசியதால் ஆங்கில மூலம் எங்கள் காதில் சரியாக விழவில்லை. தமிழாக்கமே இவ்வளவு சிறப்பாக இருக்குமானால் மூலம் எத்துணைச் சிறப்பாக இருக்கும்! கைப்படி ஒன்று அனுப்பி உதவினால் மகனுக்கு அனுப்பி வைப்பேன்."

நான்கு நாள் அக்கடிதத்தைச் சட்டைப் பையில் வைத்திருந்தேன். உண்மையை எழுதிவிடு என்றாள் மரகதம். எழுத அமர்ந்தேன். மூலம் தமிழே என்றும், அதை எழுதியவன் நானே என்றும் முதல் வாக்கியத்தைத் தொடங்கினேன். பிறகு அவருடைய கடிதத்தை மறுபடி படித்தேன். 'மூலம் எத்துணைச் சிறப்பாக இருக்கும்!' என்று அந்த மனிதர் எழுதியிருக்கிறார், ஐயா. நான் எழுதியதைவிடச் சிறந்த ஒன்றை நான் எழுதியிருப்பதாக ஒருவர் நம்புகிறார். அதை எப்படி மறுப்பது?

தாளைக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுதினேன். "அன்புடையீர், தங்கள் மடல் கிடைத்தது. மூலப்படி என்னிடம் ஒன்றே உள்ளது. அது தாய் தொடர்பானது ஆகையால், எவரிடமும் கொடுத்தனுப்ப மனம் ஒப்பவில்லை. எனினும் தங்கள் மகன் ஊர் திரும்பும் நாளில் அவரைத் தனியே அமர்த்தாமல், தாங்கள் இருவரும் அவரோடு ஒரே பந்தியில் அமர்ந்து உண்ணுங்கள். மூலத்தில் இருப்பதும் அவ்வளவே."

அது பொய்தான். என் வாழ்நாளில் நான் எழுத்தில் சொன்ன ஒரே பொய். ஆனால் நடை, ஐயா, நடை நன்றாக வந்திருந்தது.